தலை ஆடாத ஆட்டம்

அன்பு மகள் சிட்டுவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் உன் அம்மாவும் சௌக்கியம், என் முழங்கால் சுமாராக இருக்கிறது, அவளுடைய வாய் என் முழங்காலைவிட நன்றாகவே இருக்கிறது. நீயும் மாப்பிள்ளையும் நல்லபடியாக இருக்கிறீர்கள் என்ற நம்பிக்கையில்தான் பேனாவைத் திறந்தேன். போனில் சொல்லக்கூடாதா என்று கேட்பாய். போனில் நான் நாலு வார்த்தை பேசுவதற்குள் "அப்பா, விஷயத்துக்கு வாங்க" என்பாய். இந்தத் தடவை விஷயம் என் கையில் இருக்கிறது, அதை என் இஷ்டத்துக்கு நீட்டி முழக்கிச் சொல்லப்போகிறேன், கடிதத்தில் யாராலும் குறுக்கே பேச முடியாது பார். ஆனாலும் நீ என்னைக் கொண்டு பிறந்தவள், பொறுமை என்பது மருந்துக்கும் கிடையாது, அதனால் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கடையை மூடவில்லை. மூடப்போவதும் இல்லை. உன் அப்பா ஜெயித்துவிட்டேன்.

போன லீவுக்கு நீ வந்திருந்தபோது ஒரு மதியம் முழுக்கக் கடை பெஞ்சில் உட்கார்ந்து பார்த்தாயே, ஒரு தலைகூட வரவில்லை. நான் துடைத்த கத்தரிக்கோலையே திரும்பத் திரும்பத் துடைத்து ஈ ஓட்டிக்கொண்டிருந்தேன். எதிர்ப்பக்கம் அந்தக் கண்ணாடிக் கதவு சலூன் வந்ததிலிருந்து அதுதான் கதி. உள்ளே ஏசி, சுவர் முழுக்க விளக்கு, பிள்ளைகள் உட்காரக் கார் மாதிரி ஒரு நாற்காலி. பிள்ளை அங்கே கையைப் பிடித்து இழுத்தால் அப்பன்காரனும் பின்னாலேயே போய்விடுகிறான், அப்புறம் அந்த வீட்டில் இருக்கிற அத்தனை தலையும் போன மாதிரிதான். போதாக்குறைக்கு, இத்தனை வருஷம் என் பக்கத்தில் இரண்டாவது நாற்காலியில் நின்று வேலை பார்த்த நம் மீசையும் அங்கே போய்விட்டான். நீ குழந்தையாக இருந்தபோது அவன் மீசையைப் பிடித்துத் தொங்குவாய், ஒரு நாளும் முகம் சுளித்ததில்லை, அப்படிப்பட்டவன் போகும்போது என் முகத்தைப் பார்க்காமலே போனான். அன்றைக்குச் சாப்பிடும்போது நீ சொன்னாய், "போதும்ப்பா. நின்னு நின்னு கால் வீங்கிக் கிடக்கு. கடைய மூடிட்டு ரெண்டு பேரும் எங்ககூட வந்துடுங்க, ரூம் ரெடியா இருக்கு" என்று. பாசத்தில் சொன்னது என்று தெரியும். ஆனாலும் என் மனசு ஒப்பவில்லை. பள்ளிக்கூடம் திறக்கிற வரைக்கும் விடு, அதற்குள் ஞாயிற்றுக்கிழமை பெஞ்சு நிறையவில்லை என்றால் நானே ஷட்டரை இழுத்துவிட்டு வருகிறேன் என்று வாக்குக் கொடுத்தேன். கொடுத்தேனே தவிர, பெஞ்சை எப்படி நிறைப்பது என்று தலைகால் புரியவில்லை.

நீ கிளம்பிய பிறகு உன் அலமாரியை ஒதுக்குகிறேன் என்று அம்மா இறங்கினாள். உள்ளேயிருந்து ஒரு பச்சைத் தகடு, சீட்டுக்கட்டு அளவுதான் இருக்கும், ஏதோ உடைந்த ரேடியோவுக்குள் இருந்தது என்று நினைத்துப் பழைய சாமான்காரருக்குப் போட எடுத்து வைத்திருந்தாள். நல்லவேளை என் கண்ணில் பட்டது. காலேஜ் படிக்கும்போது நீ அதை டிவியில் மாட்டி அந்தக் காலத்து வீடியோ கேம் எல்லாம் ஓட்டுவாயே, அதே தகடு. காசு போட்டு ஆடுகிற அத்தனை பெரிய பெட்டிகளில் இருந்த ஆட்டம் இந்த உள்ளங்கைக்குள் எப்படியடி வந்தது என்று நான் கேட்டதற்கு, "இந்த போர்டு அந்தப் பழைய மெஷின் மாதிரியே நடிக்குதுப்பா, ஆட்டத்துக்கு வித்தியாசமே தெரியாது" என்றாய். அதைக் கையில் வைத்துக்கொண்டு நின்றபோதுதான் எனக்குப் பொறி தட்டியது. கண்ணாடிக் கதவுக்காரனிடம் கார் நாற்காலி இருந்தால் இருக்கட்டும், ஆடுவதற்கு ஒன்று நம்மிடம் இருக்கிறது. ஒரு ஞாயிற்றுக்கிழமை உனக்குப் போன் போட்டு, எந்த ஒயர் எங்கே போகும், மெமரி கார்டு எந்தப் பக்கம் பார்க்க வேண்டும் என்று குடைந்து குடைந்து கேட்டேனே, பொழுது போகவில்லை என்றேனே, அது பச்சைப் பொய். மன்னித்துக்கொள்.

கடையில் ஒரு டிவி உண்டல்லவா, பின்சுவரில், செய்தி ஓடிக்கொண்டிருக்குமே, அதில்தான் முதலில் மாட்டினேன். மாட்டி, பொத்தானை அழுத்தி, படம் வந்ததும் எனக்கு வந்த பெருமையைச் சொல்லி முடியாது, ராக்கெட் விட்டவன் மாதிரி நின்றேன். பெஞ்சில் உட்கார்ந்து ஆடினால் ஒரு குறையும் இல்லை. நாற்காலியில் உட்காரவைத்தால்தான் வந்தது வினை. நாற்காலி பார்ப்பது கண்ணாடியை, டிவி இருப்பது முதுகுக்குப் பின்னால். கண்ணாடியில் எல்லாம் இடம் வலம் மாறித் தெரிகிறது. முதலில் வந்த பிள்ளை இடது பக்கம் அழுத்துகிறான், வண்டி வலது பக்கம் போகிறது, நாலு தடவை முட்டிவிட்டு "உங்க கேம் ரிப்பேர் தாத்தா" என்று சொல்லி இறங்கிப் போய்விட்டான். காலமெல்லாம் கண்ணாடி முன்னால் நின்று பிழைப்பவன் நான், எனக்கு இது தோன்றவில்லை பார். டிவியைக் கழற்றிக் கண்ணாடிக்கு முன்னால் மேசைமேல் கொண்டுவந்து வைத்தேன், கன்ட்ரோலரைப் பிள்ளையின் மடியில் கொடுத்து மேலே துணியைக் கட்டினேன், முடி அதன்மேல் விழாது. ஆகா, இனிமேல் வெளுத்து வாங்கலாம் என்று கத்தரிக்கோலை எடுத்தேன்.

அடுத்து வந்தவன் மருந்துக்கடைக்காரரின் மகன், கார் ரேஸ்தான் வேண்டும் என்றான். சரி என்று போட்டுவிட்டேன். அந்தக் கார் வளைவில் திரும்பும்போது அவன் தலையும் கூடத் திரும்பும் என்று நான் கனவா கண்டேன். முடி வெட்டுகிற மெஷின் காதோரம் ஓடிக்கொண்டிருக்கிறது, வலது பக்கம் ஒரு பெரிய வளைவு வந்தது, பிள்ளை அப்படியே சாய்ந்தான், காதுக்கு மேலே ஒரு விரல் அகலத்துக்குப் பள்ளம். அவன் சிரித்துக்கொண்டே ஆடுகிறான், நான் மெஷினை அணைத்துவிட்டேன். அவன் அப்பா வந்து பார்த்தார், என்னைத் திட்டவில்லை, திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். நிதானமாக, எதிர்க்கடையில் இருக்கிறவர்கள் காதிலும் விழும்படி, "வயசாயிடுச்சுன்னா விட்டுடணும் சார்" என்றார். வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன், மகளுக்குப் போன் போடு, வருகிறோம் என்று சொல்லிவிடு என்றேன். அம்மா போனை எடுக்கவில்லை. காப்பி டம்ளரை என் முன்னால் நக்கென்று வைத்துவிட்டு, தலை ஆடினால் ஆடாத ஆட்டமாகப் பார்த்துப் போட வேண்டியதுதானே, இதுக்குப் போய் ஊரைவிட்டா ஓடுவார்கள் என்று கேட்டாள்.

மறுநாள் கடைக்கு விடுமுறை விட்டேன். அம்மாவை வாடிக்கையாளர் நாற்காலியில் உட்காரவைத்து, துணியைக் கட்டி, கார்டில் நீ ஏற்றி வைத்திருந்த ஆட்டங்களை ஒவ்வொன்றாகப் போட்டேன். நான் டிவியைப் பார்க்கவில்லை, அவள் தலையையே கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்தேன். கார் ஓட்டினால் கழுத்து சாய்கிறது. ஒரு குள்ளமான ஆள் பள்ளத்தைத் தாண்டிக் குதிக்கிற ஆட்டத்தில் அவன் குதிக்கும்போதெல்லாம் இவள் தாடையும் குதிக்கிறது. விமானத்தைச் சுடுகிற ஆட்டத்தில் தோள் காது வரைக்கும் ஏறுகிறது, அதோடு அவள் வாயில் வந்த வார்த்தைகளை நான் கடிதத்தில் எழுத மாட்டேன். கடைசியாக அந்தக் கட்டை அடுக்குகிற ஆட்டம், மேலிருந்து கட்டை கட்டையாக விழும், இடுக்குப் பார்த்து அடுக்கினால் வரிசை நிறைந்து கரைந்து போகுமே, நீ சாப்பாட்டை மறந்து ஆடுவாயே, அது. அதைப் போட்டதும் அம்மாவின் கண் மட்டும் மேலும் கீழும் போகிறது, தலை வைத்த இடத்தில் வைத்த மாதிரி இருக்கிறது. சீப்பை எடுத்துப் பின்னந்தலையில் ஓட்டிப் பார்த்தேன், கத்தரிக்கோலைக் காதோரம் சும்மா சொடுக்கிப் பார்த்தேன், அவளுக்கு நினைவே இல்லை. கண்டுபிடித்துவிட்டேன்டி என்று கத்தினேன். "கத்தாதீங்க, கட்டை விழுது" என்றாள். சாப்பாட்டு நேரம் தாண்டியும் எழுந்திருக்கவில்லை, நானே போய்ச் சமைத்தேன்.

பிள்ளைகள் பொத்தானைப் பார்க்கத் துணியைத் தூக்குகிறார்கள், முடி உள்ளே போகிறது என்று சொன்னேன். அம்மா தையல் மிஷினில் உட்கார்ந்து துணியின் நடுவில் சதுரமாக வெட்டி, கண்ணாடி மாதிரித் தெரிகிற பிளாஸ்டிக்கை வைத்துத் தைத்துக் கொடுத்தாள். மடியில் ஒரு ஜன்னல். அதைக் கட்டிக்கொண்டு உட்காருவதே பிள்ளைகளுக்கு ஒரு கௌரவமாகிவிட்டது. இதற்கு நடுவில் இன்னொரு கூத்து. டிவி மூலையில் அடிக்கடி மஞ்சளாக ஒரு மின்னல் குறி வந்து வந்து போகும். நாங்கள் அதை ஆட்டத்தில் கிடைக்கிற பரிசு என்றே நினைத்துவிட்டோம். மின்னல் வந்தால் பவர் ஏறியிருக்கிறது என்று நான்தான் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்தேன், அவர்களும் மின்னல் வந்தால் கைதட்டுவார்கள். அப்புறம் பார்த்தால் கட்டை தள்ளாடித் தள்ளாடி விழ ஆரம்பித்தது, ஒரு நாள் எல்லாம் இருட்டாகிவிட்டது. நம் கடையிலிருந்து மூன்றாவது கடையில் போன் ரிப்பேர் பார்க்கிற பெண்ணைக் கூப்பிட்டேன். பார்த்ததும் சிரித்தாள் பார், உட்கார்ந்து சிரித்தாள். "அது பரிசு இல்லைங்க, பசி. கரண்ட் பத்தலைன்னு அழுதிருக்கு, நீங்க கைதட்டியிருக்கீங்க" என்றாள். நான் போட்டிருந்தது அம்மாவுடைய பழைய பட்டன் போன் சார்ஜர். அதோடு, ஆட்டத்தை மெனுவில் போய் நிறுத்தாமல் நான் தினமும் சுவிட்சைத் தட்டிவிட்டுப் போவதையும் கேட்டுத் தலையில் அடித்துக்கொண்டாள், இப்படியே விட்டால் ஒரு நாள் கார்டு அழிந்துவிடும், உள்ளே இருக்கிறதெல்லாம் போய்விடும் என்றாள்.

உள்ளே இருக்கிறது என்றதும் எனக்குப் பகீர் என்றது. ஆட்டம் போனால் போகிறது, திரும்ப ஏற்றிக்கொள்ளலாம். அந்தக் கட்டை ஆட்டம் முடிந்ததும் அதிக மார்க் எடுத்தவர்கள் வரிசை ஒன்று வரும், அதில் முதல் இடத்தில் இங்கிலீஷில் மூன்றெழுத்து நிற்கும். பெயருக்கு மூன்றெழுத்துதான் இடம் என்று உன் பெயரைப் பாதியில் வெட்டிப் போட்டு வைத்திருக்கிறாய். கல்யாணத்துக்கு முந்தின வாரம் அம்மா கூப்பிடக் கூப்பிட எழுந்திருக்காமல் ஆடினாயே, அன்றைக்கு எடுத்தது. இந்த வீட்டில் உன் துணிமணி, புத்தகம் எல்லாம் எடுத்துப் போய்விட்டாய், நீ விட்டுப்போனது இது ஒன்றுதான். அதை ஒரு பட்டன் போன் சார்ஜருக்குப் பறிகொடுத்துவிடுவேனோ என்று அந்தப் பெண் பக்கத்தைவிட்டு நகராமல் நின்றேன். அந்தப் பெண் சரியான சார்ஜரைப் போட்டு, கார்டை எடுத்துத் துடைத்து, திரும்ப மாட்டினாள். வரிசை வந்தது. நீ முதல் இடத்தில் அப்படியே இருந்தாய். அவளுக்கும் அவள் தம்பிக்கும் ஆயுளுக்கும் இலவசமாக முடி வெட்டுகிறேன் என்று சொல்லிவிட்டேன், அம்மா முறைத்தாள்.

இப்போது உண்மையான கதைக்கு வருகிறேன். பக்கத்துத் தெரு டீச்சரம்மாவுக்கு ஒரு சின்ன மகள். மெஷின் சத்தம் கேட்டாலே வீறிட்டு அலறுவாள், தலையில் யாரையும் கைவைக்க விடமாட்டாள். கண்ணாடிக் கதவு சலூனில் மூன்று பேர் பிடித்து அமுக்கிப் பார்த்துவிட்டு, அத்தனை பேர் முன்னால், பிள்ளையைப் பழக்கிவிட்டுக் கூட்டிக்கொண்டு வாங்க மேடம் என்று அனுப்பிவிட்டார்கள். பள்ளிக்கூடம் திறக்க இருந்த கடைசி ஞாயிற்றுக்கிழமை டீச்சரம்மா அவளைக் கூட்டிக்கொண்டு நம் வாசலில் வந்து நின்றார். உள்ளே வரவில்லை. பிள்ளையின் முடி சிக்குப் பிடித்துப் பின்னால் திரிதிரியாகத் தொங்குகிறது, கண்ணை மறைக்கிறது. பெஞ்சில் அன்றைக்கு இருந்தது இரண்டே பேர், என் வாக்குக்கு அன்றுதான் கெடு, அம்மா வீட்டில் பெட்டியைத் தட்டித் துடைத்து வெளியே எடுத்து வைத்துவிட்டுத்தான் கடைக்கு வந்திருந்தாள். டீச்சரம்மா மெதுவாக, முடியாது என்றால் பரவாயில்லை சார், சொல்லிவிடுங்கள் என்றார். முடியாது என்று சொல்வதற்கா கடை திறந்து வைத்திருக்கிறேன் என்றேன். வாய்தான் அப்படிச் சொன்னது, எப்படி வெட்டப்போகிறேன் என்று எனக்கே தெரியாது.

அந்தக் குட்டியை நான் தொடவே இல்லை. நாற்காலிக் கைகளின் மேல் சின்னப் பிள்ளைகள் உட்காருகிற பலகையைப் போட்டு, ஜன்னல் வைத்த துணியை அம்மா கையால் கட்டச் சொன்னேன், கன்ட்ரோலரைக் கொடுத்தேன், அவள் இரண்டு ஆட்டம் ஆடித் தோற்கிற வரைக்கும் கத்தரிக்கோலையே எடுக்கவில்லை. மூன்றாவது ஆட்டத்தில் அவள் மூச்சு சீரானது. மெஷினைப் பூட்டி வைத்துவிட்டேன், வெறும் கத்தரிக்கோலும் சீப்பும்தான். அந்த ஆட்டத்தில் ஒரு பாட்டு ஓடுமே, கட்டை உயர உயர அது வேகமாகும். பாட்டு வேகமானால் பிள்ளை மூச்சைப் பிடித்துக்கொள்கிறாள், அப்போது இம்மிகூட ஆடமாட்டாள், அதுதான் காதோரமும் நெற்றியும் வெட்டுகிற நேரம். ஒரு வரிசை கரைந்தால் குதிப்பாள், அதற்கு முன்னாலேயே கையை எடுத்துவிட வேண்டும். நான் டிவியைப் பார்க்கவில்லை, பாட்டைக் கேட்டேன். வேகம் வந்தால் வெட்டு, கரைந்தால் விலகு, அவ்வளவுதான். பெஞ்சில் இருந்தவர்கள் எழுந்து வந்து நின்றுவிட்டார்கள், தெருவில் போனவர்கள் வாசலில் நின்றுவிட்டார்கள், எதிர்க்கடைக் கண்ணாடிக் கதவு திறந்து நம் மீசையின் முகம் எட்டிப் பார்த்தது. சிக்கு அத்தனையும் தரையில் விழுந்தது, கழுத்தோரம் நேராக்கினேன், பவுடர் தட்டினேன். ஆட்டம் முடிந்தது, அவள் தலையைத் திருப்பி என்னைப் பார்த்துக் கேட்டாள், "தாத்தா, எப்ப வெட்டப் போறீங்க?"

சிட்டு, அந்தக் கேள்விக்காகவே நான் இந்தத் தொழிலுக்கு வந்தேன் என்று தோன்றியது. டிவியை நகர்த்திக் கண்ணாடியைக் காட்டினேன். தன்னைத்தானே பார்த்து, நெற்றியைத் தொட்டுப் பார்த்துச் சிரித்தாள். டீச்சரம்மா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதார், அம்மாவும் கூட அழுதாள், நான் அழவில்லை என்று எழுதினால் அம்மா இந்தக் கடிதத்தைப் படித்துவிட்டுச் சிரிப்பாள், அதனால் அதை எழுதவில்லை. பள்ளிக்கூடம் திறந்தது, டீச்சர் வாயிலிருந்து விஷயம் எல்லா டீச்சர் வாய்க்கும் போனது. அடுத்த ஞாயிற்றுக்கிழமை பெஞ்சு நிறைந்து, படியில் உட்கார்ந்து, பக்கத்து டீக்கடை பெஞ்சும் நிறைந்துவிட்டது. ஒரு வாரம் தள்ளித்தான் நிறைந்தது, அதை வைத்துக்கொண்டு வாக்குத் தவறிவிட்டாய் என்று வாதாட வராதே. மருந்துக்கடைக்காரரும் மகனோடு வந்து, வயசாயிடுச்சு என்று சொன்ன அதே வாயால், நீங்கள்தான் சார் கை தேர்ந்தவர் என்றார். நான் காலரைத் தூக்கிவிட்டுக்கொள்ளவில்லை, காலர் தானாகத் தூக்கிக்கொண்டது. கண்ணாடிக் கதவுக்காரன் சும்மா இருப்பானா, போட்டிக்குப் பெரிய டிவி வாங்கி அதில் கார் ரேஸ் போட்டுவிட்டான். போன வாரம் அங்கேயிருந்து ஒரு பிள்ளை காதுக்கு மேலே விரல் அகலப் பள்ளத்தோடு நம்மிடம் சரிபண்ண வந்தது. சரிபண்ணிக் கொடுத்தேன். காரணத்தை மட்டும் சொல்லவில்லை, தொழில் ரகசியம்.

மீசை போன வாரம் வந்தான். வாசலில் நின்று டிவியையே பார்த்துக்கொண்டு, "அண்ணே, அந்த நாற்காலி காலியாத்தான் இருக்கா?" என்று கேட்டான். அவன் வந்தால் நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி கேட்க வேண்டும் என்று எத்தனையோ சேர்த்து வைத்திருந்தேன், கடைசியில் வாயில் வந்தது வேறு. "துணிய எடுத்துக் கட்டு, ஆள் காத்துக்கிட்டிருக்கு" என்றேன். உன்னை விசாரித்தான்.

ஆக, உன் வீட்டு அறையை எங்களுக்காகச் சும்மா வைத்திருக்காதே கண்ணு, மாப்பிள்ளையின் சாமான்களைப் போட்டுக்கொள். நாங்கள் வரவில்லை என்றால் உன்மேல் பாசம் இல்லை என்று நினைத்துவிடாதே. உன்னைப் பார்க்காமல் இருப்பது எங்கள் இரண்டு பேருக்கும் கஷ்டமாகத்தான் இருக்கிறது, ஒளித்துப் பேசுவானேன். ஆனால் தோற்று மூடிய கடைக்காரனாக மகள் வீட்டில் வந்து உட்கார எனக்கு மனசு இடம் கொடுக்கவில்லை. திறந்த கடையை மீசையிடம் விட்டுவிட்டு, தலை நிமிர்ந்து, நாலு நாள் விருந்தாளியாக வருவேன், அப்போது அந்த அறையைப் பெருக்கிக் கொடு. நேரத்துக்குச் சாப்பிடு, மாப்பிள்ளையோடு சண்டை போட்டால் சாப்பிட்ட பிறகு போடு, முடியை அங்கே யாரிடமாவது கொடுத்துக் கெடுத்துவிடாதே, நான் வந்து பார்த்துக்கொள்கிறேன். நீங்கள் இருவரும் எல்லா நலமும் பெற்று நீண்ட காலம் நிறைவாக வாழ அப்பா அம்மாவின் மனமார்ந்த ஆசீர்வாதம்.

முக்கியமான ஒன்று. கடைக்கு வருகிற பிள்ளைகள் எல்லாம் அந்த வரிசையைக் காட்டி, முதல் இடத்தில் இருப்பது யார் என்று கேட்கிறார்கள். என் மகள், பெரிய ஆட்டக்காரி, வெளியூரில் இருக்கிறாள் என்று சொல்லி வைத்திருக்கிறேன். இரண்டாவது இடத்தில் உன் அம்மா. மதியம் கடையில் ஆள் இல்லாத நேரம் வந்து உட்கார்ந்துவிடுகிறாள். நேற்று உன் மார்க்கைத் தொட இன்னும் ஒரே ஒரு வரிசைதான் பாக்கி, கட்டையும் சரியான கட்டையாக வந்தது, இடுக்கும் திறந்து கிடந்தது. அவள் சும்மா பார்த்துக்கொண்டிருந்தாள், கட்டை வேறு பக்கம் விழுந்து ஆட்டம் முடிந்தது. கேட்டால் கை வழுக்கிவிட்டது என்கிறாள். எத்தனை வருஷம் ஊசியில் நூல் கோர்த்த கை அது, வழுக்குமா. மூன்றாவது இடத்தில் டீச்சரம்மா மகள் இருக்கிறாள், வாரம் தவறாமல் வருகிறாள், வெட்ட முடி இல்லாவிட்டாலும் வருகிறாள். உன் அம்மா உன்னைத் தாண்ட மாட்டாள். அந்தக் குட்டிக்கு அந்தத் தாட்சண்யம் எல்லாம் கிடையாது, லீவு போட்டுவிட்டுச் சீக்கிரம் வந்து சேர்.

இப்படிக்கு,
கத்தரிக்கோலைக் கீழே வைக்காத
உன் அப்பா